ஒரு சாண் விளிம்பு

நாலு கதிரைகளின் முதுகில் இரண்டு நீளத் தடிகள். தடிகளுக்கு நடுவே இழுத்துக் கட்டிய துணி. துணிக்கு மேலே மூன்று பெண்களின் தலைகள். துணிக்குக் கீழே, முழங்காலில், நான். ஒரு பனிக்காலம் முழுக்க என்னுடைய வியாழக்கிழமைப் பின்னேரங்கள் பலெர்மோ நகரின் லிபெர்த்தாத் தெருவில் இப்படித்தான் போயின.

வீடு சின்யோராவினுடையது. வீட்டு அம்மாவை இங்கே அப்படித்தான் கூப்பிடுவோம். அவர் அமெரிக்கக்காரி. பலெர்மோ வைத்தியர் ஒருவரைக் கலியாணம் முடித்து வந்தவர், அவரை மண்ணுக்குள் வைத்த பிறகும் திரும்பிப் போகவில்லை. இத்தாலியனை இன்னமும் மூக்கால்தான் பேசுவார். அந்த வீட்டுச் சமையல், துடைப்பு, மருந்துக்கடை, கடிதப்பெட்டி எல்லாம் நான். யன்னலைத் துடைக்கப் போனால் நினைப்பால் யன்னலுக்கு வெளியே போய்விடுகிற ஆள். பால் பொங்கித்தான் என்னைத் திருப்பிக் கூப்பிடும்.

அவருடைய கட்டிலில் ஒரு நெசவுப் போர்வை கிடக்கிறது. நீலமும் வெள்ளையும், ரோசாப் பூக்கள். வேலைக்குச் சேர்ந்த புதிதில் அதை விரித்துவிட்டு, தலைகீழாகப் போட்டுவிட்டேனோ என்று பயந்துபோனேன். ஒரு பக்கம் நீலத்தில் வெள்ளைப் பூ, மறுபக்கம் வெள்ளையில் நீலப் பூ. எது முகம், எது முதுகு? இரண்டும் முகம்தான் என்றார் சின்யோரா. அந்தக் காலத்துத் தறி, நெய்கிறவனின் கைகள் எட்டுகிற அகலம்தானாம். ஆகவே போர்வையை இரண்டு பாதியாக நெய்து நடுவில் மூட்டினார்களாம். உற்றுப் பார்த்தால் இடப்பக்கத்து ரோசா வலப்பக்கத்து ரோசாவைவிட ஒரு விரற்கடை மேலே நிற்கும். "கலியாணம் மாதிரி," என்று சொல்லிவிட்டு, வைத்தியரின் படத்தைப் பார்க்காமல் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

தடிகளில் கட்டியிருந்தது அதுவல்ல. அது குவில்ட். மேலே ஒட்டுத் துண்டுகள், நடுவில் பஞ்சு, கீழே முழுத்துணி. மூன்றையும் ஊடுருவி ஓடுகிற பொடி நூலோட்டம்தான் அதற்கு உயிர். சின்யோரா விரல்கள் நல்லாயிருந்த காலத்தில் மேல்துண்டுகளைப் பொருத்தி அலுமாரியில் வைத்துவிட்டார். பிறகு விரல் மூட்டுகள் முடிச்சுப் போட்டுக்கொண்டன. ஊசியைப் பிடித்தால் ஊசி விழும். இப்போது அமெரிக்காவில் மகளுக்கு முதற்பிள்ளை வயிற்றில். பிறப்புக்கு முன்னரே அங்கே போய்ச் சேர விமானச் சீட்டும் எடுத்தாயிற்று. அவருக்கு ஒரே ஓர் ஆசை. பிள்ளையை ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்குக் கொண்டுவரும்போது இந்தக் குவில்டில் சுற்றிக் கொண்டுவரவேண்டும். அவருடைய வீட்டில் எல்லாப் பிள்ளைகளும் அப்படித்தான் வாசலைத் தாண்டினவாம், அவர் உட்பட.

தைக்கத் தெரிந்த ஆட்கள் உண்டா என்று கேட்டார். ஒன்று என் மனைவி. கபோச் சந்தைப் பக்கம் எங்கள் வீட்டுச் சமையலறையே அவளுக்கு இரவில் தையற்கடை. மற்றது பக்கத்து வீட்டு மன்னார் அக்கா. கோயில் பீடத்துக்கு விரிப்புத் தைப்பவர், வாயாலும் தைப்பவர். இருவரும் பகலில் வீட்டு வேலைக்குப் போகிறவர்கள். அப்படிப் போகிற எல்லோருக்கும் போல அவர்களுக்கும் வியாழன் பின்னேரம் ஓய்வு.

முதல் நாளிலேயே இடக்கு. அந்தக் கிழமை ஒரு விடுமுறை வெள்ளியில் விழுந்திருந்தது. அன்றே தொடங்குவோம் என்றால் சின்யோரா இரண்டு கைகளையும் தூக்கிவிட்டார். வெள்ளிக்கிழமை தொடங்கிய குவில்ட் முடியாதாம்.

"இவவுக்கும் நாள் பாக்க ஒரு ஐயர் வேணும் போல கிடக்கு," என்றார் மன்னார் அக்கா, கழுத்துச் சிலுவையைத் தடவிக்கொண்டு.

அடுத்த வியாழன் தொடங்கினோம். அக்கா பொரித்துக் கொண்டுவந்த ரோல்ஸுக்குத் துணி இருக்கும் அறையில் தடை. எண்ணெய் விரலோடு வந்தவர்கள் குளியலறைக்குத் திருப்பி அனுப்பப்பட்டார்கள். எனக்கு இரண்டு வேலை: ஊசிகளில் நூல் கோத்து வரிசையாகக் குத்தி வைப்பது, பிறகு கீழே தவழ்ந்துபோய் ஊசி மூன்று அடுக்கையும் தாண்டி வருகிறதா என்று பார்ப்பது. கீழிருந்து பார்த்தால் வானம் தாழ்ந்த நாள் மாதிரி இருக்கும். அந்த மேகத்தைக் குத்திக்கொண்டு ஊசி முனைகள் தலைகாட்டும், மினுங்கும், மறையும். மேலே கதை நடக்கும். சிலவேளை நான் கீழே இருப்பதை மறந்து என்னைப் பற்றியே நடக்கும்.

கோலத்தின் பெயர் மரக்குடில். நடுவில் ஒரு சிவப்புச் சதுரம், அது அடுப்பு. அதைச் சுற்றிச் சுற்றி வருகிற நீளத்துண்டுகள் மரச்சுவர். ஒரு பாதி வெளிர் நிறம், வெயில் விழுகிற பக்கம். மறுபாதி அடர் நிறம், நிழல். இல்லாதவர்கள்தானே கந்தலை ஒட்டித் தைத்திருப்பார்கள் என்று நான் பெரிதாகச் சொல்லப்போய் வாங்கிக் கட்டிக்கொண்டேன். தொடக்கத்தில் குவில்ட் இருந்தது வசதியான வீடுகளிலாம். துணி அவ்வளவு அருமை. ஆலைகள் வந்து துணி மலிந்த பிறகே ஒட்டுத்துண்டு எல்லோர் வீட்டுக்கும் வந்ததாம். பின்னர் கஷ்டகாலம் ஒன்றில் மா விற்றவர்கள் சாக்குகளிலேயே பூ அச்சடித்தார்களாம். பெண்கள் பூவைப் பார்த்து மா வாங்கி, மாவைச் சுட்டுவிட்டுச் சாக்கைச் சட்டையும் குவில்டும் ஆக்கினார்களாம்.

நான் தமிழில் சொல்லி முடித்ததும் மன்னார் அக்கா ஊசியை நிறுத்தினார். "அப்ப மாவுக்குள்ளை புழு கிடக்கோ எண்டு ஒருத்தரும் பாக்கேல்லையோ?"

அக்காவின் நூலோட்டம் எறும்பு நடந்தது போல. என் மனைவியினுடையது கொஞ்சம் எட்டி வைக்கும். சின்யோரா இரண்டையும் கண்ணாடிக்கு மேலால் பார்ப்பார். மனைவி தன்னுடையதைப் பிரித்துத் திரும்பத் தைப்பாள்.

தடியிலிருந்து கழற்றிய பிறகு மிச்சம் விளிம்பு மட்டும். நாலு பக்கத்தையும் சுற்றி ஒரு பட்டி மடித்துத் தைக்கவேண்டும். மூன்று பக்கம் பறந்தது. நாலாவது பக்கம் நொண்டத் தொடங்கியது. ஒரு கிழமை நூல் முடிந்தது. மறுகிழமை தலையிடி. அதற்கடுத்த கிழமை அக்காவுக்குக் கோயிலில் பாட்டுப் பயிற்சி. இதைத் தைக்கிறவர்கள் இரண்டு நாளில் ஒரு சட்டையை முடிப்பவர்கள். சின்யோரா நாட்காட்டியைப் பார்க்கத் தொடங்கினார். நான் படிக்கட்டில் வைத்துக் கேட்டேன்.

"இஞ்சாருங்கோ, அதை முடிக்கேலாது," என்றாள் மனைவி. "பிள்ளை இன்னும் வயித்துக்கை. பிறக்க முதல் ஆராவது எல்லாத்தையும் முடிச்சு மடிச்சு வைப்பினமோ?"

எனக்கு அப்போதுதான் விளங்கியது. எங்கள் வீட்டில் தொட்டில் கட்டுவதும் உடுப்பு வாங்குவதும் பிள்ளை வந்த பிறகுதான். எங்கள் மகள் பிறந்த அன்று இங்குள்ள தாதி, உடுப்புப் பை எங்கே என்று கேட்டார். இந்த ஊரில் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு சோடி மடித்து, பட்டி கட்டிக் கொண்டுவருவார்கள். நாங்கள் வெறுங்கை. நான் பல்லரோச் சந்தைக்கு ஓடி, பதற்றத்தில் ஒரு வயதுப் பிள்ளையின் சட்டையை வாங்கி வந்தேன். அவளுடைய முதற்படத்தில் இரண்டு கைகளும் இல்லை, சட்டைக் கைகள்தான் தொங்குகின்றன.

"வேதம் வேறையெண்டாலும் வயிறு ஒண்டுதானே தம்பி," என்றார் மன்னார் அக்கா. "ஒரு சாண் விடுவம். நீர் சொல்லும் அவவுக்கு."

நான் சொல்லவில்லை. பயணத்துக்கு முந்திய ஞாயிறு இருவரும் வந்து, மளமளவென்று தைத்து, சரியாக ஒரு சாணில் நிறுத்தி, ஊசியைத் துணியில் குத்திவிட்டுத் தேத்தண்ணி குடித்தார்கள். சின்யோரா விளிம்பில் விரலை ஓட்டிக்கொண்டே வந்தார். விரல் அந்த இடத்தில் நின்றது. அவர்களைக் கேட்கவில்லை, என்னைப் பார்த்தார். இனி ஒளிக்க இடமில்லை, தடியும் கழற்றியாயிற்று. சொன்னேன்.

அவர் கதிரையில் இருந்தார். இரண்டு கைகளையும் மடியில் மலர்த்தி வைத்தார். இந்தக் கைகளால் எப்படி முடிப்பது என்று கேட்டார், கோபமே இல்லாமல். அதுதான் பொல்லாதது. என் மனைவி நிலத்தைப் பார்த்தாள்.

மன்னார் அக்கா கோப்பையைக் கீழே வைத்தார். உடைந்த இத்தாலியனில், ஆனால் நிமிர்ந்து, கேட்டார்: "சின்யோரா, நீங்கள் வெள்ளிக்கிழமை தொடமாட்டேன் என்றீர்கள். ஏனென்று நாங்கள் கேட்டோமா?"

சின்யோரா மூக்கால் ஒரு சத்தம் போட்டார். சிரிப்புத்தான். அப்படியானால் யார் முடிப்பது?

பெற்றவள் முடிக்கட்டும் என்றாள் மனைவி. தன் மகள் சட்டைத் தெறியே தைத்தறியாதவள் என்றார் சின்யோரா. "படிக்கட்டும்," என்றார் அக்கா. நான் ஊசியில் நூலைக் கோத்து, வைன் போத்தல் தக்கையில் குத்தி, குவில்டுக்குள் மடித்துப் பெட்டியில் வைத்தேன்.

பிறகொரு ஞாயிறு பின்னேரம் கபோவில் எங்கள் வீட்டில் கைத்தொலைபேசி அலறியது. சீனி டின்னில் சாய்த்து வைத்தோம். திரையில் அமெரிக்க ஆஸ்பத்திரிக் கட்டில். முதல் நாள் பிறந்த பெண்குழந்தை தொட்டிலில் நித்திரை. இன்னும் கொஞ்ச நேரத்தில் வீட்டுக்கு விடுவார்களாம். தலை கலைந்த ஒரு பெண், பெற்றவளேதான், நாக்கைக் கடித்துக்கொண்டு அந்த விளிம்பைத் தைக்கிறாள். அவளுக்குப் பின்னால் சின்யோரா ஆங்கிலத்தில் கட்டளை. இந்தப் பக்கம் இருவரும் தமிழில் கட்டளை. சட்டைக் கை தொங்கிய எங்கள் மகள், இப்போது பல்கலைக்கழகம் போகிறவள், நடுவில் நின்று மொழிபெயர்த்தாள்.

"தையலோ இது, ரயில் பாதையெல்லோ," என்றார் மன்னார் அக்கா.

மிகவும் வடிவாக இருக்கிறது என்று அக்கா சொல்வதாக மகள் ஆங்கிலத்தில் சொன்னாள்.

ரயில் பாதை வளைந்து நெளிந்து ஒரு சாணைக் கடந்தது. அந்தப் பெண் முடிச்சுப் போட்டு, நூலைப் பல்லால் கடித்தாள். சின்யோரா தன் முடிச்சு விழுந்த கைகளில் குவில்டை வாங்கி விரித்தார். குழந்தையின் மேல் குனிந்தார்.

"நில்லுங்கோ," என்றாள் என் மனைவி. "ஊசி எங்கை?"

மகள் அதை மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை. அந்தக் குரலுக்கே அங்கே எல்லோரும் அசையாமல் நின்றார்கள். தலையணை தூக்கப்பட்டது. விரிப்பு உதறப்பட்டது. சின்யோரா தன் மேலங்கியைத் தடவினார். கடைசியில் அந்தப் பெண் தன் சட்டைக் கையைப் பார்த்தாள். அங்கே குத்தியிருந்தது. கழற்றித் திரைக்கு முன்னால் பிடித்தாள். எங்கள் சமையலறை முழுக்க ஒரு மினுக்கம்.

"ஓம்," என்றாள் மனைவி. "இனிப் போர்த்துங்கோ."