மௌனப்படத்துக்கு நடுவே ஒரு டிரம்

ஸ்டெல்லாவுக்கு சினிமா என்றால் உயிர். ஆனால் இலங்கைப் போர்க்காலத்தில், மன்னாரில் ஷெல்லடிக்கு நடுவே வளர்ந்தவள். திரையில் குண்டு வெடித்தால் எழுந்து வெளியே போய்விடுவாள். மகளின் பிறந்தநாளுக்குப் போன படத்திலும் அதுதான் நடந்தது. அதற்கப்புறம் மகள் அவளை தியேட்டருக்குக் கூப்பிடுவதே இல்லை. அந்தக் குறை ஸ்டெல்லாவுக்கு நிறைய உண்டு.

அதனால்தான், போன ஞாயிறு மெல்பர்ன் நகரத்தில் இரண்டு பழைய மௌனப்படங்கள் போடுகிறார்கள் என்று தெரிந்ததும் அவளிடம் ஓடினேன். பக்கத்து வீடுதானே.

"சத்தம் இல்லையெண்டால் வாறன்" என்றாள்.

எங்கள் புறநகர் கிரான்பர்னிலிருந்து ரயிலில் ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. டிக்கெட் பதினெட்டு டாலர். இரண்டு மணிக் காட்சிக்கு அரை மணி முன்னாலேயே போய் முன்வரிசையைப் பிடித்தோம். திரைக்குக் கீழே ஒரு பியானோ, பக்கத்தில் பெரிய டிரம். என் மரமண்டைக்கு அப்போதுதான் உறைத்தது: மௌனப்படத்துக்கு ஆள் வைத்து வாசிப்பார்கள். போதாக்குறைக்கு முதல் படமே முதல் உலகப்போர்க் காலத்துக் கேலிப்படம்.

பீரங்கி வெடிக்கும்போதெல்லாம் டிரம்காரப் பெண் ஓங்கி அடித்தாள். ஸ்டெல்லா என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

"வெளிய போயிடலாமா?"

"பொறுங்கோ. அந்தப் பிள்ளை கையை ஓங்கேக்கையே தெரியுது. தெரிஞ்சால் பயமில்லை."

அப்புறம் அவள் பாதி திரையையும் பாதி டிரம்மையும் பார்த்தாள். தளபதி தன் பீரங்கிக்கே பயந்து மேஜைக்கடியில் புகுந்தபோது அரங்கிலேயே முதலில் சிரித்தது அவள்தான்.

இரண்டாவது, ஒரு தேவதைக் கதை. சிறுமி காகிதப் படகில் நிலாவுக்குப் போய் ராட்சதனிடமிருந்து தப்பி வருகிறாள். மேஜையில் அம்மா வைத்த சூப்பில் இன்னும் ஆவி பறக்கிறது. டிரம் சும்மா கிடந்த அந்த இடத்தில்தான் ஸ்டெல்லா அழுதாள்.

"திரும்பி வரேக்க வீடு அப்பிடியே நிக்குது" என்றாள்.

திரும்பும் ரயிலில் மகளுக்கு போன் போட்டு, அடுத்த ஞாயிறும் நடக்கும் இதே காட்சிக்கு வரச் சொன்னாள். அந்தப் பக்கம் கொஞ்சம் தயங்கியிருக்க வேண்டும். "இல்லையம்மா, எழும்பிப் போகமாட்டன்" என்று இரண்டு தடவை சொன்னாள்.

போகிறவர்களுக்கு: சாப்பிட்டுவிட்டுப் போங்கள், உள்ளே பாப்கார்ன்கூடக் கிடையாது. பின்வரிசையில் திரை நன்றாகத் தெரியும். ஆனால் ஸ்டெல்லா மாதிரி யாரையாவது கூட்டிப்போனால் முன்வரிசையில், டிரம் அடிப்பவரின் கை தெரிகிற இடமாகப் பார்த்து உட்காருங்கள்.