மக்ரோனியும் நான் கொட்டிவிட்ட சீஸும்

ஒரு பாத்திரத்தில் வெந்ததைப் பற்றி அதைத் தேய்க்கிறவளுக்குத் தெரிகிற அளவு, அதில் சாப்பிட்டவர்களுக்குத் தெரியாது. இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. பெருமைக்குச் சொல்ல வேண்டியது பின்னால் வருகிறது.

ஜப்பான்காரன் வருவதற்குச் சில வருடங்கள் முந்தி, பினாங்குப் பட்டணத்தில் கடலைப் பார்த்த ஒரு வெள்ளைக்கார வீட்டில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். என் வீட்டுக்காரர் இறந்த பிறகு கிடைத்த வேலை அது. குசினிக்குப் பின்னால் எங்களுக்கு ஒரு அறை கொடுத்திருந்தார்கள். அங்கிருந்து என் மகள் நடந்தே கன்னியர் பள்ளிக்கூடத்துக்குப் போய்வருவாள். எனக்கு ஞானோபதேசப் புத்தகத்தில் எழுத்துக் கூட்டத் தெரியும், அவ்வளவுதான். அவள் இங்கிலீஷ் புத்தகத்தையே நிற்காமல் வாசிப்பாள். அதைக் கேட்டுக்கொண்டே கீரை ஆய்வேன்.

அந்த வீட்டில் சமைத்தவர் ஒரு ஹைனான் சீனர். நல்ல மனிதர். ஆனால் அவர் சமைக்கும்போது பக்கத்தில் ஒருவரும் நிற்கக் கூடாது. அதனால் உள்ளே என்ன போகிறது என்று நான் பார்த்ததில்லை, வெளியே வருவதைத்தான் பார்த்தேன். வீட்டு எஜமானி மெம்மும் எங்களைப் போல கத்தோலிக்க வேதக்காரர், வெள்ளிக்கிழமை இறைச்சி தொடமாட்டார். அன்றைக்கு மக்ரோனி. குழாய் மாதிரி இருக்கிற அந்த மாவுப் பண்டத்தை அவித்து, பாலும் சீஸும் சேர்த்து, நீளமான வெள்ளைப் பீங்கானில் கொட்டி, மேலே ரொட்டித் தூளைத் தூவி, இரும்புப் பெட்டி அடுப்புக்குள் வைத்துச் சுடுவார்கள். சாப்பிட்டு முடிந்ததும் பீங்கான் எனக்கு வரும். நான்கு வருடத்து வெள்ளிக்கிழமைகளைத் தேங்காய் நாரையும் சாம்பலையும் போட்டுத் தேய்த்திருக்கிறேன். அடி கருகி வந்தால் கீழே தணல் அதிகம் என்று அர்த்தம். ஓரத்தில் மாவு கட்டியாக ஒட்டியிருந்தால் பாலை அவசரமாக ஊற்றிவிட்டார். நடுவில் மிச்சம் கிடந்தால் விருந்தாளிக்குப் பிடிக்கவில்லை. நகத்தாலேயே படித்துக்கொண்டேன்.

ஈஸ்டருக்கு முந்தின தபசு காலத்தில் ஒரு வருடம் அந்தச் சீனர் ஊருக்குப் போனார், திரும்பி வரவில்லை. மெம் வேறொரு ஆளைப் பேசி முடித்தார். அவர் திங்கட்கிழமை வருவார், மனைவியோடு வருவார். பாத்திரத்தை அந்த அம்மாளே தேய்த்துக்கொள்வாள், அறையும் அவர்களுக்கு வேண்டும். இதை மெம் என்னை உட்காரச் சொல்லிவிட்டுத்தான் சொன்னார். கடலைத் தாண்டி, பிறைக்கு அந்தாண்டை ரப்பர் தோட்டத்தில் இருந்த என் தம்பிக்குச் சொல்லி அனுப்பினேன். ஞாயிற்றுக்கிழமை வந்து கூட்டிப் போகிறேன் என்று பதில் வந்தது. தோட்டம் என்றால் மகளின் கையில் புத்தகம் போய் ரப்பர் பால் எடுக்கிற வாளி வரும். அது எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும்.

மெம்மிடம் போய் நின்றேன். நாங்கள் இருவரும் பேசுவது பசார் மலாய், கடைத்தெரு மலாய்தான்.

“மெம், இந்த வெள்ளிக்கிழமை மக்ரோனியை நான் செய்கிறேன்.”

மெம் என்னை மேலும் கீழும் பார்த்தார். வெள்ளிக்கிழமை மத்தியானம் மூன்று விருந்தாளிகள், அதில் ஒருவர் பங்குச் சாமியார். “போலே?” என்று கேட்டார், முடியுமா என்று.

“போலே, மெம்.”

“நன்றாக வந்தால் அந்த ஆளை வர வேண்டாம் என்று சொல்லிவிடுகிறேன். நன்றாக வராவிட்டால் உன் தம்பியோடு போ.”

நியாயமான பேச்சு. வியாழக்கிழமை குசினியை மேலிருந்து கீழ்வரை கழுவினேன். ஐஸ் பெட்டியைத் திறந்து ஒவ்வொன்றாக எடுத்துத் துடைத்தேன். மூலையில் ஒரு சின்னப் பீங்கான் சாடி, மேலே இங்கிலீஷில் ஏதோ எழுதியிருந்தது. மூடியைத் திறந்தேன். உள்ளே புளித்த வாடை, பூண்டு அழுகின வாடை. வெள்ளையாக என்னவோ குழைந்து கிடந்தது, அதில் முழுக்கப் பச்சைப் புள்ளி. பூஞ்சணம் பிடித்துவிட்டது, சீனர் போன பிறகு ஒருவரும் பார்க்கவில்லை என்று நினைத்துச் சாக்கடையில் கொட்டினேன். சாடியைச் சாம்பல் போட்டு விளக்கி ஜன்னலில் கவிழ்த்தேன். சுத்தமாக வேலை செய்தோம் என்று மனதுக்குத் திருப்தி வேறு.

சாயங்காலம் மெம் வந்தார். “ஐஸ் பெட்டியில் சாடி இருக்கிறதே, பார்த்தாயா?”

“பார்த்தேன், மெம்,” என்றேன். பொய் இல்லை.

“அது மெத்தென்ற சீஸ். பூண்டு, மிளகு, பச்சை இலை எல்லாம் போட்டது. என் சிநேகிதி கப்பலில் கொண்டுவந்து கொடுத்தாள். இங்கே எந்தக் கடையிலும் கிடைக்காது. நாளைக்கு மக்ரோனியில் அது முழுவதையும் போட்டுவிடு.”

தலையை ஆட்டினேன். மெம் போன பிறகு சாக்கடை ஓரத்தில் போய் நின்று பார்த்தேன். அங்கே என்ன இருக்கும். தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

அழவில்லை. அழுகிறதற்கு நேரம் இல்லை, பால்காரர் வருகிற வேளை. அவர் ஜெலுத்தோங்கில் மாடு வைத்திருந்தவர், என்னைத் தங்கச்சி என்பார். வழக்கமாக வாங்குவதற்கு மூன்று மடங்கு கேட்டேன்.

“என்ன தங்கச்சி, வீட்டுல பூன எதுவும் குட்டி போட்டுருச்சா?”

“கேலி பண்ணாதீங்க அண்ணே. பாலத் திரிக்கப் போறேன்.”

“நல்ல பாலயா? என் மாட்டுக்குத் தெரிஞ்சா நாளைக்கு மடி இறக்காது லா.”

“நீங்க சொல்லாம இருந்தா அதுக்கு எப்படித் தெரியும்?”

பால் பொங்கி வரும்போது எலுமிச்சம்பழம் பிழிந்தேன். திரிந்ததை மெல்லிய துணியில் கட்டி ஆணியில் தொங்கவிட்டேன். காலையில் இறக்கினால் கையளவு உருண்டை, ஈரம் போகாமல் மெத்தென்று இருந்தது. என் அறைக்குப் பின்னால் கிடந்த அம்மியில் உப்பு, பூண்டு, மிளகு வைத்து, கொஞ்சம் வெண்ணெயும் சேர்த்து, விரலுக்குத் திப்பி தட்டாத வரைக்கும் அரைத்தேன். கொத்தமல்லித் தழையைக் கிள்ளிப் போட்டேன். பார்வைக்கு அந்தச் சாடியில் இருந்ததேதான். ஆனால் ருசி?

அங்கேதான் சிக்கல். அன்றைக்கு எனக்கு ஒருசந்தி. மத்தியானம் ஒருவேளைச் சாப்பாடு, அதற்கு முன் பச்சைத் தண்ணீர் தவிர நாக்கில் ஒன்றும் வைக்கமாட்டேன். மெம்முக்காக அதை மாற்ற எனக்கு மனசில்லை. காலைப் பாலோடு வந்த பால்காரரைப் பிடித்துக்கொண்டேன். அவர் முருகன் கோயில்காரர், வெள்ளிக்கிழமை அவரை என்ன செய்யும்.

“அண்ணே, கைய நீட்டுங்க.”

“எதுக்கு?”

“நான் ஒருசந்தி. இன்னிக்கு நீங்கதான் எனக்கு நாக்கு.”

நக்கிப் பார்த்தார். “உப்புப் பத்தல.”

உப்புப் போட்டுக் கொடுத்தேன். கண்ணை மூடிக்கொண்டு யோசித்தார். “ரசத்துல தயிரு விழுந்த மாதிரி இருக்கு. கொத்தமல்லி போட்டியா?”

“போட்டேன்.”

“வெள்ளக்காரன் மூக்கு கண்டுபிடிச்சிரும் லா.”

நல்ல வேளையாகத் தழையைப் பாதியில்தான் கலந்திருந்தேன். மற்றப் பாதியில் தோட்டத்து வெங்காயத் தாளைப் பொடியாக நறுக்கிப் போட்டேன். அவர் வாயில் வைத்தார், மறுபடி விரலைக் கொண்டுவந்தார். கையில் ஒரு அடி வைத்தேன்.

“நல்லாருக்கா இல்லையான்னு வாயத் திறந்து சொல்லுங்க.”

“வேல போச்சுன்னா ஜெலுத்தோங்குக்கு வந்துரு. என் கொட்டாய்க்குப் பக்கத்துலயே கடை போட்டுரலாம்.”

“வேல போகாது,” என்றேன்.

மக்ரோனியை அவித்து வடித்தேன். வெண்ணெயில் மாவை வாட்டி, பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டேன், கட்டி விழவில்லை. சீஸை அதில் கரைத்தபோது குசினி முழுக்க வாசம். வயிறு கூப்பிட்டது, நான் கேட்கவில்லை. பீங்கானின் பக்கமெல்லாம் வெண்ணெய் தடவினேன். அந்தச் சீனர் நான்கு வருடமாகக் கருக்கிய அடி எனக்கு ஞாபகம் இருந்தது. அதனால் பீங்கானைத் தண்ணீர் ஊற்றிய தட்டில் இறக்கி அடுப்புக்குள் வைத்து, தணலைக் கீழே குறைத்து மேலே கூட்டினேன். வெளியே எடுத்தபோது மேல்பக்கம் பொன்னாக இருந்தது, ஓரத்தில் நுரை கொதித்துக்கொண்டிருந்தது. மேசையில் பரிமாறுகிற பையன் தூக்கிக்கொண்டு போனான். நான் முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

பீங்கான் திரும்பி வந்தது. எத்தனையோ தடவை அதைத் தேய்த்த எனக்கு அன்றைக்குத் தேய்க்க ஒன்றுமே இல்லை. நாலு மூலையும் வழித்திருந்தார்கள்.

பின்னாலேயே மெம் வந்தார், முகமெல்லாம் சிரிப்பு. “சாமியார் மூன்று தடவை போட்டுக்கொண்டார். எல்லாம் அந்தச் சாடிச் சீஸ் செய்த வேலை. இன்றைக்கே என் சிநேகிதிக்குக் கடிதம் எழுத வேண்டும்.”

நான் சும்மா இருந்திருக்கலாம். வேலை கிடைத்தாயிற்று, மகளின் பள்ளிக்கூடமும் தப்பித்தாயிற்று. ஆனால் விடிந்ததிலிருந்து அம்மியில் அரைத்தவள் நான், பெயர் ஒரு சாடிக்குப் போவதா? யோக்கியம் என்று நினைத்துச் சொல்லவில்லை. பொறுக்கவில்லை, சொன்னேன்.

“அந்தச் சீஸ் இல்லை, மெம். அது கெட்டுப்போனது என்று நினைத்துச் சாக்கடையில் கொட்டிவிட்டேன்.”

மெம்மின் சிரிப்பு நின்றது. ஜன்னலில் இருந்த சாடியை எடுத்துப் பார்த்தார், மோந்தும் பார்த்தார். சாம்பல் வாடைதான் வந்திருக்கும். “அப்படியானால் இது? சியாப்பா பிக்கின்?” யார் செய்தது என்கிறார்.

“சாயா, மெம். சாயா பிக்கின்.” நான்தான். நான் செய்தேன்.

சாடியோடு உள்ளே போய்விட்டார். கூடத்தில் பேச்சுச் சத்தம் அடங்கியது. பாத்திரத் தொட்டியைப் பிடித்துக்கொண்டு ஒரு அருள்நிறைந்த மந்திரம் சொன்னேன், அது முடிவதற்குள் உள்ளே எல்லாரும் சிரிப்பது கேட்டது. நாற்காலி நகர்ந்தது. குசினி வாசலில் சாமியாரே வந்து நின்றார். அவர் பிரெஞ்சுக்காரர், பிரசங்கத் தமிழ் பேசுவார்.

“அம்மா, நாங்கள் யாதொன்றும் மீதி வைக்கவில்லை. நீர் எதைப் புசிப்பீர்?”

“அம்மியில ஒட்டினது இருக்கு சாமி. சோத்துல பெசஞ்சுக்குவேன்.”

அவர் அதை இங்கிலீஷில் மெம்முக்குச் சொன்னார். மெம் என் பக்கம் திரும்பினார். திங்கட்கிழமை ஆளுக்கு வர வேண்டாம் என்று சொல்லி அனுப்புகிறேன், அடுத்த வெள்ளிக்கும் இதே சீஸ் வேண்டும் என்றார்.

“சரி, மெம்,” என்றேன். “அப்படியானால் பாத்திரம் தேய்க்க ஒரு ஆள் பார்க்க வேண்டும்.”

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்தால் தம்பி அறை வாசலில் உட்கார்ந்திருந்தான், சாமான் கட்டக் கயிறும் கொண்டுவந்திருந்தான். மெம்மிடம் கேட்டு ஒரு சின்னப் பாத்திரத்தில் மக்ரோனி சுட்டு அவன் முன்னால் வைத்தேன்.

“என்னாக்கா இது, குழா குழாயா இருக்கு?”

“தின்னு பாரு, தம்பி.”

நானும் தட்டில் போட்டுக்கொண்டேன். என் கையால் சுட்ட மக்ரோனியை நான் ருசி பார்த்தது அப்போதுதான். நன்றாகத்தான் இருந்தது. அவன் இரண்டு தட்டு சாப்பிட்டுவிட்டு, அறைக்குள் எட்டிப் பார்த்தான். மகள் பாயில் உட்கார்ந்து பாடம் எழுதிக்கொண்டிருந்தாள்.

“இன்னும் பெட்டி கட்டலியா?”

“கட்டல.”

கொஞ்ச நேரம் கயிற்றை விரலில் சுற்றிக்கொண்டிருந்தான். பிறகு எழுந்து, தட்டில் ஒட்டியிருந்ததையும் வழித்துப் போட்டுக்கொண்டு, பிறைக்குப் போகிற படகு எத்தனை மணிக்கு என்று கேட்டான்.