தேவதைப் படம் பார்த்த அக்கா

தொண்ணூறுகளில் திருவண்ணாமலையில் ஒரு லாட்ஜில் வேலை பார்த்தேன். அங்கே துணி துவைத்த அக்கா, முழங்கை வரை சோப்பு நுரையோடு கதவோரம் நின்றே டிவி பார்ப்பார். சொன்னாலும் உட்கார மாட்டார்.

ஒரு ஞாயிறு மதியம் தேவதைக் கதைப் படம். குடிசைக்காரி ஒருத்தி தேவதையிடம் வீடு கேட்டாள், கிடைத்தது. பிறகு மாளிகை, அரண்மனை என்று கேட்டுக்கொண்டே போனாள். கோபித்த தேவதை எல்லாவற்றையும் பிடுங்கிக்கொண்டு அவளைக் குடிசைக்கே அனுப்பிவிட்டது. எல்லோரும் சிரித்தோம்.

"அரண்மனைய எடுத்துக்கினு போகட்டும். மொத வீட்டையாவது வுட்டிருக்கலாம் இல்ல?" என்றார் அக்கா.

"பேராசைம்மா அவளுக்கு. உன்கிட்ட தேவதை வந்தா இன்னா கேப்ப?" என்று சீண்டினார் மேனேஜர்.

"என் கூரை ஒழுவுது சார். ஆனா எதுவரைக்கும் கேட்டா பேராசை இல்லன்னு மொதல்ல அதையே கேட்டுக்குவேன்."

மேனேஜர் விழுந்து விழுந்து சிரித்தார். பத்தாவது வரை படித்த எனக்குத் தெரிந்திருக்கும் என்பதுபோல அக்கா என்னைப் பார்த்தார். நான் தலைகுனிந்துகொண்டேன்.