கடைவீதியின் பொதுச்சுவரைக் காத்த எங்கள் அக்கா

எங்கள் அக்கா கீழக்குயில்குடியில் ஒரு விவசாயக் குடும்பத்தில் மூத்தவராகப் பிறந்தார். சோழவந்தான் கடைவீதியில் பாத்திரக்கடை வைத்திருந்த அத்தானுக்கு வாழ்க்கைப்பட்டார். அத்தான் இளவயதிலேயே காலமானபோது, இரண்டு பெண்குழந்தைகளுடன் அக்காவே கடையில் உட்கார்ந்தார்.

அது ஆறு கடைகள் கொண்ட பழைய வரிசை. இரண்டு கடைகளுக்கு இடையே ஒரு பொதுச்சுவர். தேக்கு உத்திரம், பலகைக் கதவுகள், மாடி முகப்பில் சுண்ணாம்பில் செய்த கிளிகள், வண்ணக்கண்ணாடி பதித்த அரைவட்டச் சன்னல்கள். கோடையிலும் உள்ளே குளுமையாக இருக்கும். அக்காவுக்கு அந்தக் கட்டடத்தின் மேல் தனிப் பிரியம்.

எழுபதுகளின் இறுதியில் பெய்த ஒரு பெருமழையில், அக்காவின் கடைக்கும் அடுத்த ஜவுளிக்கடைக்கும் இடையிலான சுவர் மேலிருந்து கீழாக வெடித்தது. ஆறு கடைகளையும் இடித்துவிட்டு கான்கிரீட்டில் கட்டிவிடலாம் என்று மற்ற ஐவரும் முடிவெடுத்தார்கள். அக்காவின் கையெழுத்து மட்டுமே பாக்கி.

"ஆளுக வந்து போற எடம்மா. நாளைக்கு விழுந்தா யாரு பொறுப்பு?" என்றார் ஜவுளிக்கடை முதலாளி.

"விழும்னு தெரிஞ்சா மொத கையெழுத்து என்னோடதுதாண்ணே. விரிசல் இன்னும் வளருதான்னு பாப்போம்."

அவர் கோபித்துக்கொண்டு பேச்சை நிறுத்தினார். அக்காவும் லேசுப்பட்டவரல்ல, அவரும் பேசவில்லை. ஆனால் முதலாளி சொன்னதில் இருந்த நியாயத்தை அக்கா மறக்கவில்லை. சுவரோரம் இருந்த சரக்கை எடுத்துவிட்டு, முட்டுக் கொடுத்து, அந்தப் பக்கம் யாரும் போகாமல் அடைத்தார். வண்டியூரிலிருந்து வந்த கொத்தனார், விரிசலின் குறுக்கே மெல்லிய கண்ணாடித் துண்டுகளைச் சுண்ணாம்பால் பதித்தார். சுவர் அசைந்தால் கண்ணாடி உடைந்துவிடும்.

பிறகு அக்கா சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு ஏணியில் மொட்டைமாடிக்கு ஏறினார். நாங்கள் பதறினோம். மழைத்தண்ணீர் வெளியேறும் தூம்பு புறாக்கூட்டால் அடைபட்டிருந்தது. தேங்கிய ஈரத்தில் ஓர் அரசங்கன்று சுவருக்குள் வேர்விட்டிருந்தது. வேரோடு எடுத்து, தூம்பைப் புதிதாக வைத்து, சுவரைப் பூசச் சொன்னார். கண்ணாடி பதித்த இடத்தை மட்டும் பூசவிடவில்லை. அன்றாடம் காலையில் கடை திறந்ததும் முதல் வேலையாக அதைப் பார்ப்பார்.

அடுத்த மழைக்காலம் முழுவதும் ஒரு துண்டுகூட உடையவில்லை. அக்காவே வலியப் போய் முதலாளியை அழைத்தார்.

"நீங்களே தொட்டுப் பாருங்கண்ணே."

அவர் வெகுநேரம் தடவிப் பார்த்தார். "சரிம்மா. என் பக்கத் தூம்பையும் அந்தக் கொத்தனாரப் பாக்கச் சொல்லு" என்றார்.

கோடியில் இருந்த இரண்டு கடைகளைப் பின்னாளில் இடித்துவிட்டார்கள். அது அக்காவுக்குத் தீராத வருத்தம். மற்ற நான்கும் இன்றும் நிற்கின்றன. இரு மகள்களையும் அந்தக் கடை வருமானத்திலேயே படிக்கவைத்து ஆசிரியைகளாக்கினார்.

சென்ற ஆண்டு அக்கா இதயநோயால் மதுரையில் சிகிச்சை பெற்றபோது இரவும் பகலும் கவனித்துக்கொண்ட மருத்துவர்களுக்கும் செவிலியர்களுக்கும், சமைத்துக் கொண்டுவந்த சமயநல்லூர் உறவினர்களுக்கும் எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டுள்ளது.

அக்கா காலமானபோது இறுதி ஊர்வலத்தைச் சந்து வழியாகக் கொண்டுபோக ஏற்பாடு செய்திருந்தோம். ஜவுளிக்கடை முதலாளி என் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"சந்து வேணாம் தம்பி. கடைவீதி வழியாப் போவோம். தங்கச்சி ஒருதரம் பாத்துட்டுப் போகட்டும்."

அப்படியே போனோம். எங்களோடு நடந்த அனைவருக்கும் நன்றி.