ஒரு கடை மட்டும் திறந்திருந்தது

கடலூரில் அரசுக்குச் சொந்தமான கடை வரிசையில் ஜாக்கெட் தைக்கும் கடை வைத்திருந்தேன். குத்தகை முடிந்ததும், "புதுப்பிக்க மாட்டோம், காலி பண்ணுங்க" என்றார்கள். ஒன்பது கடைக்காரர்களும் சேர்ந்து கோர்ட்டுக்குப் போனோம்.

ஒருநாள் என்னை மட்டும் அலுவலகத்துக்குக் கூப்பிட்டார்கள். "கேஸ வாபஸ் வாங்கும்மா, ஒனக்குப் புதுப்பிச்சுத் தர்றோம்" என்று அதிகாரி ஒரு தாளை நீட்டினார். கையெழுத்துப் போட்டால் எட்டுப் பேருக்குத் துரோகம். போடாவிட்டால் பிழைப்பே போய்விடும். போட்டுவிட்டேன். யாரிடமும் சொல்லவில்லை.

வழக்கு தோற்றது. சீல் வைக்க வந்தவர்கள் என் கடையை மட்டும் தாண்டிப் போனார்கள். பக்கத்து வளையல் கடை மும்தாஜ் அக்கா பெட்டிகளை வெளியே அடுக்கிக்கொண்டிருந்தார். என்னால் தாங்க முடியவில்லை.

"அக்கா, நான் கேஸ வாபஸ் வாங்கிட்டேன்."

"தெரியும் புள்ள. அந்தத் தாள மொதல்ல எங்கிட்டதான் நீட்டுனாங்க." குரலில் கோபமே இல்லை. "ஆட்டோ வர்ற வரைக்கும் இதுங்கள உள்ள வச்சுக்கிறியா? அரக்கு வளையலு, வெயில்ல உருகிடும்."

தூக்கி உள்ளே வைத்தேன்.

எனக்கு மூன்று வருடம் குத்தகை கிடைத்தது. பூட்டிய கடைகளுக்கு நடுவே குனிந்த தலை நிமிராமல் தைத்தேன். என்னைப் போலத்தான் அவரும் சிக்கியிருந்தார். ஆனாலும் மாட்டேன் என்றிருக்கிறார். எனக்கோ, அந்தக் கடையை விட்டு வெளியேறக்கூடத் துணிவு வரவில்லை.