நான் திருப்பி அனுப்பச் சொன்ன மரிக்கொழுந்து

துவாக்குடியில் கடல்பாசியிலிருந்து ஜெல்லிப் பொடி தயாரிக்கும் கம்பெனியில் பாசி வாங்குவது என் வேலை. ஏழு வருஷ அனுபவம், அதற்கேற்ற திமிரும் உண்டு. ஒரு முறை, முதல் தடவையாகத் தரகரை விட்டுவிட்டு, மண்டபத்தில் கடலில் மூழ்கிப் பாசி எடுக்கும் செல்வி அக்காவிடம் நேரடியாக ஆர்டர் கொடுத்திருந்தேன்.

மன்னார்புரம் லாரி ஆபீஸிலிருந்து போன் வந்தது. "மேடம், உங்களுக்கு மரிக்கொழுந்து பத்து மூட்டை வந்திருக்குங்க."

"நாங்க என்ன பூக்கடையா வச்சிருக்கோம்? திருப்பி அனுப்புங்க!"

ஸ்ரீரங்கத்துக்காரிக்குத் தெரியாத மரிக்கொழுந்தா?

மறுநாளும் பாசி வரவில்லை. கொதிகலன் சும்மா கிடந்தது. செல்வி அக்காவுக்குப் போன் போட்டுக் கத்தினேன். அவர் சிரித்தார்.

"நீங்க கேட்ட பாசிக்கு எங்க பக்கம் மரிக்கொழுந்துன்னுதாங்க பேரு. லாரி ஆபீஸ்காரங்க நேத்தே எனக்குப் போன் பண்ணிக் கேட்டாங்க. திருப்ப வேணாம், அவங்களே தேடுவாங்கன்னு சொல்லி வச்சிருக்கேன். போய் எடுத்துக்கங்க."

போனேன். மூட்டையைப் பிரித்ததும் கடல் வாசனை முகத்தில் அடித்தது. ஏழு வருஷமாக வாங்கும் பாசிதான். அதை எடுப்பவர்கள் வைத்த பேர் மட்டும் எனக்குத் தெரியாது.

பாசியில் என்னை அடிக்க ஆளில்லை என்று இப்போதும் சொல்வேன். ஆனால் புதுச் சரக்கு வந்தால் விலைக்கு முன்னால் ஒன்று கேட்கிறேன்: "இதுக்கு உங்க ஊர்ல என்ன பேருக்கா?"