எலி விழுந்த அன்று

எலிமருந்து வைத்தது அம்மாதான். அது தெரிந்திருந்தும் அம்மா அன்று ஏன் தம்பியை மட்டும் தூக்கிக்கொண்டு வெளியே போனாள்? இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.

அப்போது எனக்கு ஏழு வயது. ஓசூரில் அப்பா வேலை செய்த கம்பெனிக்குப் பின்னால் லைன் வீட்டில் இருந்தோம். அப்பாவின் அத்தைகள் இருவர் தளிப் பக்கத்திலிருந்து வந்திருந்தார்கள். எங்களுக்கும் அவர்கள் பெரியத்தை, சின்னத்தைதான்.

காலில் முள் குத்திச் சீழ் வைத்ததில் எனக்குக் காய்ச்சல். பெரியத்தை தொடை இடுக்கைத் தொட்டுப் பார்த்து, நெறி கட்டியிருக்கிறது என்றார். சற்று நேரத்தில் அடுப்படியில் ஓர் எலி சுருண்டு விழுந்து செத்தது.

பெரியத்தையின் முகம் மாறிவிட்டது. அவர்கள் சிறுமிகளாக இருந்தபோது ஊரில் பிளேக் வந்ததாம். எலி விழுந்தால் வீட்டைப் பூட்டிவிட்டு, ஊருக்கு வெளியே கொல்லையில் குடிசை போட்டுக்கொள்வார்களாம். நெறி கட்டியவர்கள் உள்ளேயே கிடக்க வேண்டியதுதானாம்.

“ஏம்மே, பையனத் தூக்கிக்கினு வெளிய நட” என்றார் அம்மாவிடம்.

அது மருந்து தின்ற எலி என்று அம்மா இரண்டு முறை சொன்னாள். சொல்லிக்கொண்டே தம்பியைத் தூக்கினாள்.

சின்னத்தை வந்து என் பாயில் உட்கார்ந்துகொண்டார்.

“அன்னிக்கு என்னை உள்ள போட்டுப் பூட்டிட்டுப் போனீங்க. இன்னிக்கு இவளா? பூட்டு, நான் கூட இருக்கறேன்.”

“உன்ன யாருடி பூட்டுனது? மூணு நாளும் உன் பக்கத்துல கெடந்தவ நானு.”

“நீ எங்க இருந்த? ஒரு சொம்புத் தண்ணி இருந்துச்சு. அவ்ளோதான்.”

பெரியத்தை வெளியேயும் போகாமல், உள்ளேயும் வராமல் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டார். ஷிப்ட் முடிந்து வந்த அப்பா சிரித்துக்கொண்டே எலியைத் தூக்கி எறிந்துவிட்டு, ஊசி போட என்னை சைக்கிளில் அழைத்துப் போனார். திரும்பி வந்தபோது பக்கத்து வீட்டிலிருந்து அம்மா வந்து சோறு வடித்துக்கொண்டிருந்தாள். அத்தைகள் இருவரும் பேசிக்கொள்ளவில்லை. எனக்காகத்தான் சண்டை போட்டார்கள் என்று எனக்கு உள்ளூரப் பெருமை. யார் சொன்னது நிஜம் என்று கேட்க இன்று இருவரும் இல்லை.

போன மாதம் என் மூத்தவளுக்கு அம்மை போட்டது. அவளை அவள் அப்பாவிடம் விட்டுவிட்டு, பால்குடி மறக்காத சின்னவனோடு நான் அம்மா வீட்டுக்குப் போய்ப் பத்து நாள் இருந்தேன். அதுதான் சரி என்று எல்லோரும் சொன்னார்கள். மூத்தவள் இன்னும் ஒன்றும் கேட்கவில்லை. அவள் கேட்பதற்கு முன் நானே பேச வேண்டுமா, மறந்துவிடுவாள் என்று விட்டுவிடலாமா? அனுபவமுள்ள தாய்மார்கள் எழுதுங்கள்.